சித்திரையில் வந்த கட்டளை

என் பிள்ளைக்கு,

சுகமாய்ப் போய்ச் சேர்ந்தாயா என்று கேட்டுத்தான் ஒரு தகப்பன் கடிதம் தொடங்க வேண்டும். அதைக் கேட்கிற முகம் எனக்கு இல்லை. நேற்றுக் காலை கொழும்பு ரயிலுக்குப் போக முன்னர், பெட்டியைக் கையில் பிடித்தபடி, முறிந்த காலோடு சாக்குக் கட்டிலில் கிடந்த என்னருகே வந்து நின்றாய். "அப்பா, நான் போறன். ஏதும் சொல்ல இருக்கோ?" என்று கேட்டாய். "போட்டு வாறன்" என்றுகூட நீ சொல்லவில்லை. இரண்டு மாதமாக என்னோடு பேசாமல் இருந்தவள் கேட்ட ஒரே கேள்வி அது. நான் என்ன சொன்னேன்? "வவுனியாவிலை இறக்கிச் சோதிப்பாங்கள், அடையாள அட்டையைக் கையிலை வைச்சிரு" என்றேன். முப்பத்தொரு வருடம் கந்தோர் மேசையில் இலிகிதனாய்க் குந்தியிருந்தவனுக்கு அந்த நேரத்திலும் அட்டையும் கடதாசியும்தான் வாயில் வந்தன. நீ கொஞ்ச நேரம் என்னைப் பார்த்துக்கொண்டு நின்றுவிட்டுப் போய்விட்டாய். படலை சாத்துகிற சத்தம் கேட்டது. 

சொல்ல இருந்ததை இப்போது சொல்கிறேன். வியாழக்கிழமை மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் உங்கள் அவமதிப்பு வழக்கை எடுக்கும்போது, நீதிபதிகள் ஒரேயொரு விஷயத்தைத்தான் தீர்மானிக்கப் போகிறார்கள். தொண்டர் ஆசிரியர்களாகச் சம்பளமில்லாமல் படிப்பித்த உங்கள் ஏழு பேருக்கும் மூன்று மாதத்துக்குள் ஆசிரியர் நியமனம் கொடுக்க வேண்டும் என்று அவர்கள் இட்ட கட்டளை எங்கள் கல்விக் கந்தோருக்கு எப்போது வந்து சேர்ந்தது? புரட்டாதியில்தான் வந்தது என்று எங்கள் பணிப்பாளர் சத்தியக் கடதாசி கொடுத்திருக்கிறார். அது பொய். கட்டளை சித்திரையில் வந்தது. பதிவுத் தபாலில் வந்தது. பிரதம இலிகிதர் என்ற முறையில் அதை வாங்கியவன் நான். அந்தப் பொய்யைச் சொல்லுக்குச் சொல் யோசித்து எழுதிக் கொடுத்தவனும் நான்தான்.

இதை நீ மட்டும் வாசிக்க வேண்டும் என்று நான் எழுதவில்லை. மற்ற ஆறு பேரையும் கூப்பிட்டு இருத்தி, ஒரு வரி விடாமல் வாசித்துக் காட்டு. கட்டளை சித்திரையில் கிடைத்திருந்தால் ஆடிக்குள் உங்களுக்கு நியமனம் தந்திருக்க வேண்டும். தராமல் விட்டது நீதிமன்றத்தை அவமதித்த குற்றம். ஆவணியில் கொழும்பிலிருந்து ஒரு சுற்றறிக்கை வந்தது. தொண்டர் ஆசிரியர்களில் முப்பத்தைந்து வயது கடந்தவர்களை இனி எடுப்பதில்லை, மற்றவர்கள் சோதனை எழுதித்தான் வர வேண்டும் என்று அதில் இருந்தது. கட்டளை புரட்டாதியில்தான் வந்தது என்பதை நீதிபதிகள் நம்பிவிட்டால், 'அதற்கு முதலே சுற்றறிக்கை வந்து எங்கள் கையைக் கட்டிவிட்டது' என்று கந்தோர் தப்பிவிடும். உனக்கு இருபத்தெட்டு வயது. நீ சோதனை எழுதலாம். உங்களில் நாலு பேருக்கு அந்த வழியும் இல்லை. மேரி ரீச்சருக்கு முப்பத்தெட்டு. பதினொரு வருடம் ஒரு சதமும் வாங்காமல் குருநகர்ப் பிள்ளைகளுக்குப் படிப்பித்த மனுசி. கடலில் தடை போட்டதிலிருந்து அவருடைய புருசன் வள்ளத்தைக் கரையேற்றிவிட்டு, போக முடியாத கடலைப் பார்த்துக்கொண்டு வலை பொத்துகிறார். வீட்டில் மூன்று பிள்ளைகள். அவர்களுடைய அடுப்பு இந்த நியமனத்தை நம்பித்தான் இருக்கிறது.

நான் ஏன் அப்படிச் செய்தேன் என்று நீ கேட்பாய். லஞ்சம் வாங்கினேனா? இல்லை. உங்களில் யார்மேலாவது கோபமா? இல்லை. நேர்மையாக இருக்கிறேன் என்று நினைத்துத்தான் செய்தேன். இதைச் சொல்லும்போது எனக்கே சிரிப்பு வருகிறது, அழுகையும் வருகிறது. உனக்கு ஏழோ எட்டோ வயதாக இருந்தபோது நடந்த ஒன்று ஞாபகம் இருக்கிறதோ தெரியவில்லை. எங்கள் கந்தசுவாமி கோயில் அன்னதானத்தில் பாயசவாளி என் கையில் இருந்தது. பந்தியில் நீயும் இருந்தாய். என் பிள்ளைக்கு முதலில் ஊற்றினேன் என்று யாரும் சொல்லிவிடக் கூடாது என்று, உன்னைத் தாண்டித் தாண்டிப் போனேன். கடைசியில் உன்னிடம் வந்தபோது வாளியில் ஒன்றுமில்லை. நீ வாழையிலையைப் பார்த்தாய், என்னைப் பார்த்தாய், இலையை மடித்தாய். பக்கத்தில் நின்றவர்கள் "மனுசன் எண்டால் இப்பிடி இருக்க வேணும்" என்று சொன்னார்கள். அன்றைக்கு நான் தலையை நிமிர்த்திக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். நீ பின்னாலே வெறும் வயிற்றோடு வந்தாய். உன் பசியைக் கொடுத்துத்தான் அந்தப் பேரை வாங்கினேன் என்று ஒரு நாளும் யோசித்ததில்லை.

சித்திரை வருடப்பிறப்பு முடிந்து கந்தோர் திறந்த கிழமை அந்தப் பதிவுத் தபால் வந்தது. உடைத்துப் பார்த்தேன். ஏழு பேர்கள். மூன்றாவது உன் பேர். சத்தியமாகச் சொல்கிறேன், முதலில் நெஞ்சு குளிர்ந்தது. என் பிள்ளை ஏழு வருடமாகச் சைக்கிள் உழக்கி இணுவிலிலிருந்து குருநகருக்குப் போய் வந்தது வீண்போகவில்லை என்று நினைத்தேன். அடுத்த நிமிடமே பயம் பிடித்தது. அதற்கு முந்தின வருடம் எங்கள் கந்தோரில் ஒருவருடைய மகனுக்கு நியமனம் கிடைத்தபோது நடந்த கதைகள் எனக்குத் தெரியும். அந்த மனுசன் தேத்தண்ணிக் கடைக்குள் போனால் உள்ளே இருப்பவர்கள் பேச்சை நிறுத்திவிடுவார்கள். முப்பத்தொரு வருடத்தில் என்னைப் பற்றி ஒருவரும் நாக்கு மேலே பல்லுப் போட்டு ஒரு சொல்லுச் சொன்னதில்லை. இந்தக் கட்டளையை நான் உடனே மேலே அனுப்பினால், 'தன்ரை மோளின்ரை பேர் இருந்தபடியால்தான் ஓடி ஓடிச் செய்யிறார்' என்று சொல்ல மாட்டார்களா? அந்தக் கதைதான் என் காதில் கேட்டுக்கொண்டே இருந்தது. யாரும் அதைச் சொல்லவில்லை, பிள்ளை. ஒருவரும் சொல்லாத கதைக்குப் பயந்தேன்.

அதனால் கட்டளையைக் கோத்து வைத்த கந்தோர்க் கோவையில் ஒரு குறிப்பு எழுதினேன். 'மனுதாரர்கள் தொண்டராகச் சேவை செய்த நாள்களை அதிபர்கள் மறுபடியும் உறுதிப்படுத்தி அனுப்ப வேண்டும்' என்று. அது தேவையே இல்லை. நீதிமன்றம் அதையெல்லாம் பார்த்துத்தான் கட்டளை கொடுத்தது. எனக்கு அது நன்றாகத் தெரியும். ஆனால் எங்கள் உத்தியோகத்தில் விளக்கம் கேட்டு எழுதியவனை ஒருவரும் குற்றம் சொல்ல முடியாது. விளக்கம் கேளாமல் செய்தவன்தான் மாட்டுவான். கட்டளையைப் பற்றி ஒரு சொல்லும் இல்லாமல் ஐந்து பள்ளிக்கூடங்களுக்குக் கடிதம் போனது. அந்த மாதங்கள் எப்படி இருந்தன என்று உனக்குத் தெரியும்: ஒரு நாள் ஊரடங்கு, ஒரு நாள் கர்த்தால், ஒரு நாள் கோட்டை இராணுவ முகாமிலிருந்து ஷெல். ஒரு அதிபர் குடும்பத்தோடு இடம்பெயர்ந்துவிட்டார். இன்னொருவருடைய பதில் ஆனி முடியத்தான் வந்தது. அதில் ஒரு திகதி பிழை என்று நான் திருப்பி அனுப்பினேன். அந்தப் பிழை யாரையும் கொல்லாது. நான் அதைத் திருப்பி அனுப்பியதுதான் கொன்றது.

ஆனி மாதத்தில் ஒரு நாள் மேரி ரீச்சர் கந்தோருக்கு வந்தார். வெயிலில் நடந்து வந்தவர், என் மேசைக்கு முன்னால் கதிரை இருந்தும் நின்றுகொண்டே கதைத்தார்.

"ஐயா, கோட்டிலையிருந்து கட்டளையை உங்களுக்கு அனுப்பியாச்சுது எண்டு எங்கடை வழக்குப் பேசிற அப்புக்காத்து எழுதியிருக்கிறார். எப்ப கடிதம் தருவியள்?"

"எல்லாம் முறைப்படி நடக்கும். முடிஞ்சால் தபாலிலை வரும்."

"எனக்கு வயசு போகுது ஐயா. ஏதோ புதுச் சட்டம் வரப்போகுது எண்டும் கதைக்கினம்."

"சட்டம் வந்தால் எல்லாருக்கும் பொதுவாய்த்தான் வரும். போட்டு வாங்கோ."

நான் உன்னுடைய தகப்பன் என்று அந்த மனுசிக்குத் தெரியும். நீங்கள் இரண்டு பேரும் ஒரே வகுப்பறையைத் தட்டியால் மறித்துக்கொண்டு படிப்பித்தவர்கள். 'உங்கடை மகளோடைதான் ஐயா படிப்பிக்கிறன்' என்று ஒரு வார்த்தை சொல்லிச் சலுகை கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. 'நன்றி ஐயா' என்று சொல்லிவிட்டுப் போனார். என்னைவிட நேர்மையான ஒரு ஆள் என் மேசைக்கு முன்னால் நின்று போனது அன்றைக்கு எனக்கு விளங்கவில்லை. 

அதே கிழமை நீயும் கேட்டாய். மேசையில் புட்டும் கத்தரிக்காய்க் குழம்பும் இருந்தன. "அப்பா, எங்கடை கட்டளை கந்தோருக்கு வந்திட்டுதோ?" என்றாய். நான் நிமிர்ந்தே பார்க்கவில்லை. "கந்தோர்க் கதையை வீட்டிலை கதைக்கக் கூடாது" என்றேன். நீ மூன்று வயதுப் பிள்ளையாக இருந்த காலம் தொட்டு எங்கள் வீட்டில் இருந்த சட்டம் அது. அதைப் போட்டதில் எனக்கு எவ்வளவு பெருமை! 'ஓம் மகள், வந்திட்டுது' என்று அன்றைக்கு நான் சொல்லியிருந்தால் நீ அடுத்த நாளே உங்கள் அப்புக்காத்துக்கு எழுதியிருப்பாய். அவர் ஒரு எச்சரிக்கைக் கடிதம் அனுப்பியிருப்பார். பணிப்பாளர் பதறியடித்துக்கொண்டு கையெழுத்துப் போட்டிருப்பார். ஆடிக்குள் எல்லாம் முடிந்திருக்கும். மூன்று சொல். அந்த மூன்று சொல்லைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

பிறகு ஆவணிச் சுற்றறிக்கை வந்தது. அதை வாசித்ததும் கோவையை எடுத்துக்கொண்டு பணிப்பாளரிடம் ஓடினேன். இப்போது செய்யலாம் ஐயா, பழைய திகதி போட்டாவது செய்யலாம் என்று நின்றேன். பணிப்பாளர் மறுத்துவிட்டார். சுற்றறிக்கை வந்த பிறகு கையெழுத்து வைத்தால் தன் தலைதான் போகும் என்றார். நீங்கள் ஏழு பேரும் அவமதிப்பு வழக்குப் போட்டீர்கள். நேரில் வந்து நிற்கும்படி நீதிமன்ற அறிவித்தல் பணிப்பாளரின் பேருக்கே வந்தது. அன்றைக்கு அவர் என்னை அறைக்குள் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினார்.

"இதென்ன ஐசே, என்னை மறியலுக்கு அனுப்பிக் கம்பி எண்ண வைக்கப் போறீரோ? உம்மடை மகளும் இதிலை ஒரு ஆள். கோவையை மாதக்கணக்காய் வைச்சிருந்தது நீர். குறிப்பு எழுதினது நீர். நான் என்னண்டு போய்க் கோட்டிலை நிக்கிறது?"

அவர் கெட்டவர் இல்லை. இருதய வருத்தக்காரர். இன்னும் ஒன்றரை வருடத்தில் இளைப்பாறுகிறவர். அவருடைய கண்ணில் தண்ணீர் நின்றது. அவர் என்னைப் பொய் சொல்லச் சொல்லவில்லை. நான்தான் சொன்னேன்: "தபால் குழம்பிக் கிடந்த காலம் ஐயா. கட்டளை பிந்தித்தான் வந்து சேர்ந்தது எண்டு சொன்னால் ஆர் இல்லையெண்டப் போகினம்?" தபாற்கந்தோரில் அந்த மாதத்துத் தாள்கள் தேடி எடுக்க முடியாதபடி போய்விட்டன என்று எனக்குத் தெரியும். உங்கள் அப்புக்காத்துக்கும் அதே பதில்தான் வந்தது. மிஞ்சியிருந்த சாட்சி எங்கள் தபால் வரவுப் பதிவேடு மட்டும். மழையில் நனைந்து உக்கிப்போய்விட்டது என்று எழுதிவிட்டுப் புதியதொன்றைத் திறந்தேன். பழையதைச் சேலைத் துண்டில் சுற்றி வீட்டுக்குக் கொண்டுவந்து, என் தகரப் பெட்டியின் அடியில் வைத்தேன். ஏன் எரிக்கவில்லை என்று கேட்பாய். அரசாங்கப் புத்தகம் ஒன்றை எரிக்க எனக்கு மனம் வரவில்லை. ஏழு பேரின் வாழ்வை எரிக்க மனம் வந்தவனுக்கு ஒரு புத்தகத்தை எரிக்க மனம் வரவில்லை. என் நேர்மையின் லட்சணம் அவ்வளவுதான்.

மார்கழியில் அந்தச் சத்தியக் கடதாசியின் பிரதி உனக்கு வந்தது. அதைக் கொண்டுவந்து என் முன்னால் நீட்டி, "அப்பா, இது உண்மையோ?" என்று கேட்டாய். "கோட்டிலை குடுத்ததைக் கோட்டிலைதான் கதைக்க வேணும்" என்றேன். அன்றோடு நீ பேச்சை நிறுத்தினாய். ஆனால் என்னைப் பார்ப்பதை நிறுத்தவில்லை. போன மாதம் ஹெலிகொப்டர் சுட்டபோது சைக்கிளோடு வாய்க்காலுக்குள் விழுந்து கால் முறிந்து கிடந்த என்னை, நீயும் அம்மாவும்தான் தூக்கிக்கொண்டு முறிவுக்கு வைத்தியம் பார்க்கிற பரியாரியாரிடம் போனீர்கள். அவர் மூங்கில் சிம்பு வைத்துப் பத்துக் கட்டி, நாற்பது நாள் கால் நிலத்தில் படக் கூடாது என்றார். ஒவ்வொரு நாள் காலையும் நீ வந்து எண்ணெய் காய்ச்சி ஊற்றினாய், கட்டை அவிழ்த்துக் கட்டினாய், கோப்பி கொண்டுவந்து வைத்தாய். ஒரு வார்த்தை இல்லை. உன் கை என் காலில் படும்போதெல்லாம் சொல்லிவிடலாம் என்று வாயைத் திறப்பேன். நீ குனிந்துகொண்டே இருப்பாய். நானும் மூடிவிடுவேன். இப்படி எத்தனை காலை போனது!

நேற்று நீ போன பிறகு அம்மாவைக் கூப்பிட்டு எல்லாவற்றையும் சொன்னேன். அவள் அரிசி புடைத்துக்கொண்டிருந்தவள், சுளகை நிலத்தில் வைத்துவிட்டுக் கேட்டாள். "உங்களை அவள் வாய் திறந்து கேட்டவளெல்லே? ஓமெண்டு ஒரு சொல்லுச் சொல்லியிருந்தால் உங்களுக்கு என்ன குறைஞ்சுபோயிருக்கும்? ஊர் என்ன சொல்லும், ஊர் என்ன சொல்லும்... பெத்த பிள்ளை என்ன சொல்லுமெண்டு ஒரு நாள் யோசிச்சியளோ?" என்றாள். முப்பது வருடத்தில் அம்மா என்னிடம் இப்படிக் குரலை உயர்த்தியதில்லை. பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு நான் சொன்ன வேலைகளுக்குப் புறப்பட்டாள். நடந்ததை முழுக்க ஒரு தாளில் எழுதி, பக்கத்து ஒழுங்கையிலுள்ள சமாதான நீதவானிடம் அத்தாட்சிக் கையெழுத்துக்கும் முத்திரைக்கும் அனுப்பினேன். அவர் வாசித்துப் பார்த்துவிட்டு, 'கந்தோர்ப் பிரச்சினையிலை என்னை இழுக்க வேண்டாம் எண்டு சொல்லு தங்கச்சி' என்று தாளைத் திருப்பி அனுப்பிவிட்டார். அவரைக் குறை சொல்ல எனக்கு என்ன தகுதி இருக்கிறது? நானே கொழும்புக்கு வந்து கூண்டில் ஏறியிருப்பேன். இந்தக் காலை வைத்துக்கொண்டு சோதனைச் சாவடிகளில் இறங்கி ஏறி நடக்க முடியாது. பரியாரியார் திட்டிவிட்டுப் போனார், தூக்கிக்கொண்டு வர ஆளும் இல்லை.

இன்று காலை அம்மா குருநகருக்குப் போய் மேரி ரீச்சரைக் கூட்டிக்கொண்டு வந்தாள். மேரி ரீச்சர் நாளைக் காலை ரயிலில் வழக்குக்கு வருகிறார் என்று உனக்குத் தெரியும். என் கட்டிலுக்குப் பக்கத்தில் ஸ்ரூலில் இருந்தார். நான் எல்லாவற்றையும் சொல்லி முடித்தேன்.

"உங்களிலை கோவமில்லை எண்டு சொன்னால் பொய் ஐயா," என்றார் பிறகு. "பதினொரு வருசம் அந்தப் பிள்ளையளோடை மாரடிச்சனான். எங்கடை அவர் கடலுக்குப் போக ஏலாமல் இருக்கிறார். அண்டைக்கு உங்கடை மேசைக்கு முன்னாலை நிண்டு கேட்டன், நீங்கள் தபாலிலை வரும் எண்டியள். கர்த்தர் உடனை மன்னிப்பார். எனக்கு நாள் எடுக்கும்."

"மன்னிக்க வேண்டாம் ரீச்சர்," என்றேன். "இதைக் கொண்டுபோய்க் குடுத்தால் போதும்."

அவர் போகாமல் இருந்தார். "ஒண்டு சொல்லோணும் ஐயா. இதை உங்கடை மகள் நடக்க விடமாட்டா."

"ஏன்?"

"போன கிழமை எங்கடை வீட்டை வந்திருந்து அழுதவ. உங்கடை காலுக்குக் கட்டத் துணி தேடேக்கை பெட்டியைத் திறந்தவவாம். பதிவேட்டைக் கண்டிட்டா. எடுத்துப் பார்த்திட்டு அப்பிடியே திருப்பிச் சுத்தி வைச்சிட்டா. 'மேரியக்கா, இதை எடுத்துக் குடுத்தால் உங்கள் எல்லாருக்கும் வேலை கிடைக்கும், அப்பா மறியலுக்குப் போவார். நான் என்ன செய்ய?' எண்டு கேட்டவ. நான் ஒண்டும் சொல்லேல்லை ஐயா. என்னண்டு சொல்லுறது? 'அப்பாவின்ரை பேர் வெளியிலை வருமெண்டால் நான் விலகிறன்' எண்டு சொல்லிப்போட்டுப் போனவ."

பிள்ளை, அதைக் கேட்டபோது நான் செத்துப்போனேன். உனக்குத் தெரியும். எல்லாம் தெரிந்துகொண்டுதான் என் காலுக்கு எண்ணெய் ஊற்றினாய். தெரிந்துகொண்டுதான் நேற்று என் கட்டிலருகே நின்று, ஏதும் சொல்ல இருக்கோ என்று கேட்டாய். நான் சொல்ல வேண்டும் என்று காத்துக்கொண்டு நின்றிருக்கிறாய். இதைச் சொல்லாமல் உன்னை அந்தப் பாரத்தோடு ரயிலேற்றிவிட்டவன் தகப்பனா? மேரி ரீச்சருக்கும் தெரிந்திருக்கிறது. தன் மூன்று பிள்ளைகளையும் வைத்துக்கொண்டு, உன் முகத்துக்காக அந்த மனுசி ஒரு கிழமை வாயைத் திறக்காமல் இருந்திருக்கிறது. நான் ஊர் வாய்க்குப் பயந்து ஏழு பேரைக் கெடுத்தேன். நீங்கள் இரண்டு பேரும் எனக்கு இரங்கி உங்களையே கெடுத்துக்கொள்ளப் பார்க்கிறீர்கள். வேண்டாம். கையெடுத்துக் கும்பிட்டுக் கேட்கிறேன், வேண்டாம்.

அதனால்தான் நான் பதிவேட்டை உனக்கு அனுப்பவில்லை. மேரி ரீச்சர் நாளை பின்னேரம் இறங்கியதும் நேரே அப்புக்காத்து வீட்டுக்குப் போய், பதிவேட்டையும் என் வாக்குமூலத்தையும் அவர் கையில் கொடுப்பார். கொடுத்த பிறகுதான் இந்தக் கடிதத்தை உன்னிடம் தரச் சொல்லியிருக்கிறேன். முதலில் மறுத்தார், அந்தப் பிள்ளைக்கு நான் ஒளித்துச் செய்ய மாட்டன் என்றார். அவருடைய பிள்ளைகளின் பேரைச் சொல்லித்தான் சம்மதிக்க வைத்தேன். இப்போது குசினியில் அம்மாவோடு இருந்து, நான் எழுதி முடிக்கக் காத்துக்கொண்டிருக்கிறார். ஆகவே நீ இதை வாசிக்கும்போது எல்லாம் கை மாறியிருக்கும். அவரோடு சண்டை பிடிக்காதே. அப்புக்காத்திடம் ஓடிப்போய்த் திருப்பித் தாருங்கோ என்று கேட்காதே. வழக்கிலிருந்து விலகிவிடாதே. நீ விலகினால் மற்றவர்களும் உன் முகத்தைப் பார்த்துத் தயங்குவார்கள். எனக்கு மறியலோ, பென்சன் போகிறதோ, ஊர் சிரிக்கிறதோ, எது வந்தாலும் நான் செய்ததற்கு அது கூடுதல் இல்லை. பணிப்பாளரை நினைத்தால் நெஞ்சு வலிக்கிறது. ஆனால் அவரும் தெரிந்துகொண்டுதான் கையெழுத்து வைத்தார்.

உனக்கு இன்னும் ஒரு வேலை இருக்கிறது. அது உன்னால் மட்டும்தான் முடியும். என்னுடைய வாக்குமூலத்தில் சமாதான நீதவானின் முத்திரை இல்லை. பதிவேட்டைக் கண்டதும் மற்றத் தரப்பு எழுந்து, இது எங்கள் கந்தோர்ப் புத்தகம் இல்லை, யாரோ வழக்குக்காக எழுதியது என்று சொல்லும். நான் இத்தனை வருடம் இந்த உத்தியோகத்தில் இருந்தவன், எனக்குத் தெரியும், அப்படித்தான் சொல்வார்கள். அப்போது அப்புக்காத்து உன்னைக் கூண்டில் ஏற்றி, சித்திரை மாதத்துப் பக்கத்தை விரித்து, இந்தக் கையெழுத்து யாருடையது என்று கேட்பார். பணிப்பாளரை விட்டால் கொழும்பில் என் எழுத்தை அறிந்தவர் வேறு ஒருவரும் இல்லை, அவர் சொல்ல மாட்டார். நீ பக்கத்தைப் பார்ப்பாய். உடனே உனக்கு என் முகம் வரும், மறியல் வரும், முறிந்த கால் வரும். உன் மனசு எனக்குத் தெரியும். அதுதான் எனக்குப் பயம். நாலு பேருடைய வயது, மேரி ரீச்சருடைய பதினொரு வருடம் எல்லாம் அந்த ஒரு நிமிடத்தில் உன் வாயைப் பார்த்துக்கொண்டு இருக்கும். நீதிபதிகளைப் பார்த்து, "ஓம், இது என்ரை அப்பாவின்ரை எழுத்து" என்று சொல். சத்தமாகச் சொல். அழுகை வந்தால் அழுதுகொண்டே சொல். தெரியாது என்று மட்டும் சொல்லிவிடாதே, பிள்ளை.

அப்பா